அஜின்கோர்ட் மண்டபத்தில் பதினான்கு பெயர்கள்

காலை 11.20, கனடாவில் விட்பி. பனி கொட்டி ஓய்ந்திருந்தது. அஜின்கோர்ட்டுக்கு முப்பத்தைந்து கிலோமீட்டர், டாக்சிக்கு ஐம்பத்திரண்டு டொலர். இவ்வளவு செலவழித்துப் போவதற்கு ஒரே காரணம், சந்தையில் பழகி எனக்குத் தெரிந்த தாய்லாந்து மொழி. அகதி விண்ணப்பம் போட்டுவிட்டு பாங்கொக்கில் நான்கு வருடம் காத்துக் கிடந்தவள் நான். விசா முடிந்தபின் படியில் பூட்ஸ் சத்தம் கேட்டாலே கட்டிலுக்குக் கீழே புகுந்துவிடுவேன். இன்றைக்கு, அந்த நாட்டைவிட்டுத் தப்பி வந்த இடதுசாரிகள் சிலர் கூட்டம் வைக்கிறார்கள். கேட்க வரும் நம்மவர்களுக்கு அதைத் தமிழில் சொல்வது என் வேலை.

401 நெடுஞ்சாலையில் ஏறியதும் டாக்சிக்காரத் தம்பி விசாரித்தான். "அன்ரி, தாய்லாந்தில கம்யூனிஸ்ற் எல்லாம் இருக்கினமோ? எனக்கு பீச் எண்டுதான் தெரியும்."

"இருந்தவை தம்பி. காட்டுக்குள்ள துவக்கோட இருந்தவை."

"உங்களுக்கேன் அன்ரி உந்த வில்லங்கம்?"

வெளியே பார்த்துக்கொண்டு வந்தேன்.

நண்பகல் 12.05. ஷெப்பர்ட் வீதியில் ஒரு பலசரக்குக் கடைக்கு மேல்மாடி மண்டபம். அதை நடத்தும் சிவம் அண்ணை மட்டன் ரோல்ஸ், தேத்தண்ணி எல்லாம் வைத்திருந்தார். வாசலில் ஒரு மேசை, அதில் பெயர் எழுதும் கொப்பியும் பேனையும். செத்தவீடாக இருந்தாலென்ன, புத்தக வெளியீடாக இருந்தாலென்ன, கொப்பி இல்லாமல் நம்மவர்களுக்கு ஒரு கூட்டமும் நடக்காது.

"முழுப் பேர், ஊர், ஃபோன் நம்பர் எழுதச் சொல்லு தங்கச்சி. அடுத்தமுறை அறிவிக்க லேசு," என்றார்.

வந்திருந்த தாய்லாந்துக்காரர்களுக்கு நான் அப்படியே அவர்கள் மொழியில் சொன்னேன். ஐயோ, என் வாயை என்ன செய்ய! அவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். தங்களுக்குள் செல்லப் பெயரில்தான் கூப்பிட்டுக்கொள்வார்கள். பக்கத்தில் இருப்பவரின் உண்மைப் பெயர்கூடப் பலருக்குத் தெரியாது. ஆனால் விருந்துக்கு அழைத்தவர் கேட்டதை மறுப்பது அவர்களுக்குப் பெரிய மரியாதைக் கேடு. கைகூப்பிவிட்டு எழுதினார்கள், பதினான்கு பேர். கூட்டத்தை ஒழுங்கு செய்த நொக் கடைசியாக வந்தாள். முப்பது வயதுப் பெண், முதியோர் இல்லத்தில் வேலை. மேகொங் ஆற்றோரம் இருக்கும் தன் கிராமத்தின் பெயரையும் சேர்த்தே எழுதினாள்.

1.00 மணி. முதலில் ஒரு வயதானவர் பேசினார். 1976இல் பல்கலைக்கழகத்துக்குள் மாணவர்களைக் கொன்றபோது தப்பிக் காட்டுக்குப் போனவர். சோஷலிஸ்டுக் கட்சியில் இருந்த அவருடைய தோழர்களும் கட்சி தடைசெய்யப்பட்டதும் அங்கேதான் வந்து சேர்ந்தார்களாம். சில வருடங்களில் பொதுமன்னிப்பு வந்தது, வெளியே வந்தார்கள். "இப்ப செங்கொடி இல்லை. ஆனா சனம் கொஞ்சம் நியாயம் கேட்கிற கட்சிக்கு வோட்டுப் போட்டா, கோர்ட் அதைக் கலைச்சுப்போடும்," என்றார். அடுத்து நொக். அரண்மனையைப் பற்றி ஒரு குறை சொன்னால் பதினைந்து வருடம் வரை சிறை மறியல் என்றாள். லாவோஸில் ஒளிந்திருந்த சிலரின் உடல்கள் ஆற்றில் மிதந்ததையும் சொன்னாள். அதையும் தமிழில் சொல்லித்தானே ஆகவேண்டும்.

1.50. பேச்சின் நடுவே வாசலைப் பார்த்தேன். கழுத்துப்பட்டி கட்டிய ஒருவர் கொப்பியைப் புரட்டிப் புரட்டி, பக்கம் பக்கமாக ஃபோனில் படமெடுத்துக்கொண்டிருந்தார். பாதி வசனத்தில் நிறுத்திவிட்டு ஓடினேன். நான் படிக்கட்டுக்குப் போக, கீழே ஒரு சாம்பல் நிறக் கார் கிளம்பிவிட்டது.

"உவரோ? உங்கட ஆள் எண்டெல்லோ நான் நினைச்சன்," என்றார் சிவம் அண்ணை. "ரெண்டு ரோல்ஸும் சாப்பிட்டவர்."

அவரை அங்கே ஒருவருக்கும் தெரியாது. தாய்லாந்துத் தூதரகத்தின் ஆளாக இருக்கலாம்; சும்மா விடுப்பு, வேடிக்கை பார்க்க வந்தவராகவும் இருக்கலாம். அப்படித்தான் இருக்கவேண்டும் என்று மனதுக்குள் எல்லாத் தெய்வத்தையும் கூப்பிட்டேன்.

2.15. தாய்லாந்தில் அதிகாலை இரண்டேகால். நொக் தாயை எழுப்பி ஃபோனில் பேசினாள். "அம்மா, விடிஞ்சதும் முதல் பஸ்ஸில சின்னம்மா வீட்ட போங்கோ. ஏனெண்டு கேக்காதேங்கோ. என்ர படங்களைச் சுவரால கழட்டுங்கோ." மற்றவர்களும் மூலைக்கு மூலை நின்று இதையேதான் வேறு வேறு ஊர்களுக்குச் சொன்னார்கள். வயதானவருக்கு மட்டும் கூப்பிட ஆள் இல்லை. ரோல்ஸ் தட்டுக்குப் பக்கத்தில் சும்மா இருந்தார்.

நான் நொக்கிடம் போய், பிழை என்னுடையது என்றேன். அழுதுவிட்டேன். அவள் கொப்பியைக் கையில் எடுத்து, யார் யார் அகப்பட்டோம் என்று விரல் வைத்துப் பார்த்துக்கொண்டு வந்தாள். கடைசிப் பெயரில் விரல் நின்றது. திரும்பவும் முதல் பக்கத்துக்குப் போனாள்.

"அக்கா, உங்கட பேரைக் காணேல்லையே?"

கனடாக் குடியுரிமை கிடைத்து எனக்கு இருபது வருடத்துக்கு மேல். இந்த ஊரில் எத்தனை மண்டபம் ஏறி இறங்கியிருப்பேன். பாங்கொக் பயம் போகவில்லை. எந்த வாசலிலும் ஒரு எழுத்தும் எழுதியதில்லை.

"மறந்துபோனன்," என்றேன். அவள் தலையை ஆட்டினாள்; மரியாதைக்கு. நான் மறக்கவில்லை. பதினான்கு பேரின் கையிலும் பேனையைக் கொடுத்தது நான்தான். பதினைந்தாவது ஆளாக என் முறை வந்தபோது, மூடியைப் போட்டு மேசையில் வைத்துவிட்டேன்.