எந்த ஊர், எந்தப் பக்கம், ஆற்றை மோன்

மொரீஷியஸில் யாருடைய வீட்டுக்குப் போனாலும் தேநீரில் சீனியைப் போட்டுக் கலக்கித்தான் கொண்டுவருவார்கள். எவ்வளவு வேண்டும் என்று கேட்கிற வழக்கமே இல்லை. நான் வந்த புதிதில், சீனியைத் தனியாகத் தாருங்கள் என்று கைச்சாடையில் கேட்டு வாங்கி, அதை உள்ளங்கையில் கொட்டி, ஒரு நக்கு, ஒரு மிடறு என்று குடித்தேன். அந்த வீட்டுக்காரி அடுப்படியில் நின்ற மகளைக் கூப்பிட்டுக் காட்டினாள். பாவம், இந்தப் பெண்ணுக்குக் கரண்டி பிடிக்கத் தெரியாது என்று நினைத்திருப்பாள். எங்கள் மானிப்பாயில் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டுதான் வெறும் தேத்தண்ணி குடிப்போம். பனங்கட்டி இல்லாவிட்டால் உள்ளங்கையில் சீனி. கலக்கிக் குடிப்பது கலியாண வீட்டில் மட்டும். சீனி விளையும் நாட்டுக்கு வந்தும் நாக்கு அந்தச் சிக்கனத்தை விடவில்லை.

எண்பத்து மூன்றாம் ஆண்டுக் கலவரத்தில் கொழும்பில் எல்லாவற்றையும் இழந்த அண்ணைக்கு, இங்கே ஒரு சீனி ஆலையில் இயந்திரங்களைப் பார்க்கும் வேலை கிடைத்தது. அடுத்த ஆண்டு என்னையும் கூப்பிட்டுவிட்டார். அம்மா நான் சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே செத்துப்போனார். தகப்பனை, எங்கள் ஐயாவை, வரச்சொல்லிக் கேட்டோம். "நான் வந்தால் கடையை ஆர் பாக்கிறது? நீ போ பிள்ளை, நான் இஞ்சை நிக்கிறன்" என்று சொல்லிவிட்டார். நான் இங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் சின்னப் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்துச் சொல்லிக் கொடுக்கிறேன். ஆனியில் கரும்பு வெட்டத் தொடங்கினால் மார்கழி வரைக்கும் வெட்டு. வயலைக் கொளுத்துகிற நாட்களில் கரும்புத்தோகைச் சாம்பல் கறுப்பு நூலாகப் பறந்து வந்து கொடியில் காயும் வெள்ளைச் சேலையில் குந்தும். தட்டினால் கோடு விழும். ஊதித்தான் எடுக்கவேண்டும்.

ஐயாவின் கடை என்றால் சைக்கிள் கடை. மானிப்பாய்ச் சந்தியிலிருந்து கொஞ்சம் உள்ளே. சில்லுக்குக் காற்றடிக்க வருகிறவன்கூட அவரிடம் மூன்று கேள்விக்கு மறுமொழி சொல்லாமல் போகமுடியாது. "தம்பி எந்த ஊர்?" முதலாவது. "அதிலை எந்தப் பக்கம், கோயிலடியோ குளத்தடியோ?" இரண்டாவது. "ஆற்றை மோன்?" யாருடைய மகன் என்பது மூன்றாவது. மூன்றாவதில் ஆள் அகப்பட்டுவிடுவான். சாதி என்ற சொல் ஐயாவின் வாயில் ஒருநாளும் வந்ததில்லை, அந்த மரியாதை எல்லாம் உண்டு. கேட்டுவிட்டு என்னைப் பார்ப்பார். அந்தப் பார்வையிலேயே தேத்தண்ணி கிளாசிலோ, பின்சுவரில் ஆணியில் தொங்கும் தகரப் பேணி என்கிற குவளையிலோ என்று எனக்கு விளங்கும். பனங்கட்டி கொண்டுவந்து தரும் கந்தனுக்குத் தகரப் பேணி. கந்தன் காய்ச்சின பனங்கட்டியை நாங்கள் கடித்துக்கொண்டு கிளாசில் குடிப்போம். பிறகு துவக்கோடு இயக்கப் பெடியள் வந்து, "ஐயா, உந்தப் பேணி வேலை இனி இல்லை" என்று சொன்னார்கள். ஐயா பேணியைக் கழற்றிக் கிணற்றடியில் போட்டார். பேணி போச்சு, கேள்வி போகவில்லை. கெட்ட மனிதர் அல்ல. மழையில் ஒருவன் சில்லு வெடித்து நின்றால் குடையோடு ஓடுவார். ஓடிப்போய் முதலில் கேட்பது, "தம்பி எந்த ஊர்?"

மிஷேல், நான் இங்கே வந்து பல வருஷம் கழித்து, என் மாலை வகுப்புக்கு வந்தவர். அண்ணை வேலை செய்யும் ஆலையில்தான் கரும்புப் பாகு காய்ச்சுகிறார். தகப்பன் தமிழ், கரும்பு வெட்டியே செத்துப்போனவர். தாய் கிரியோல், இந்தத் தீவின் கறுப்பினம். கோயிலில் காவடிக்கு மிஷேல் தேவாரம் பாடுவார், அதுவும் பிரெஞ்சு எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு, ஒரு சொல்லுக்கும் பொருள் தெரியாமல். பொருள் தெரிந்து பாடவேண்டும் என்று வந்து, ஆறு வயதுப் பிள்ளைகளின் வாங்குப் பலகையில் முழங்கால் இரண்டையும் நெஞ்சோடு மடித்துக்கொண்டு இருந்தார். பிள்ளைகள் அவருக்கு எழுத்துத் திருத்திக் கொடுத்தார்கள். அந்த ஆண்டு முடியுமுன்னே எனக்கு விளங்கிவிட்டது, இந்த மனிதன் வராத நாளில் வகுப்பு எனக்கு வகுப்பாகவே இல்லை.

முதன்முதல் அவர் வீட்டுக்குப் போனது ஒரு ஞாயிற்றுக்கிழமை. தோட்டத்து லயத்தில், வரிசையாகக் கட்டிய கூலி அறைகளில், கடைசி அறை. தாய் ரோஸ்லின் என் கையைப் பிடித்து, கதிரையைத் துடைத்து, இருத்தினார். எனக்கு ஏதாவது கதைக்கவேண்டும் என்று ஆசை. வாயில் வந்தது என்ன தெரியுமா? உங்கள் ஆட்கள் எந்த ஊர்? ஐயாவின் மகளுக்கு வேறு என்ன வரும்! ரோஸ்லின் யன்னலுக்கு வெளியே கரும்பு வயலைக் காட்டி, "லா" என்றார். அங்கே. அதற்கு முதல் எங்கே என்று கேட்டேன். கப்பல் என்றார். நான் விட்டேனா? கப்பலுக்கு முதல்? அவர் வயிறு குலுங்கச் சிரித்து, "திமான் லாமேர்!" என்றார். கடலிடம் போய்க் கேள். நான் ஏதோ பகிடி என்று நினைத்து நானும் சிரித்தேன். மிஷேல் சிரிக்கவில்லை. அவருடைய தாயின் ஆட்களை விலைக்கு வாங்கி ஏற்றிவந்தவர்கள் எந்தக் கரையில் ஏற்றினோம் என்று சொல்லிவிட்டுப் போகவில்லை என்பதைப் பிறகுதான் எனக்குச் சொன்னார்.

சொன்னது ஒருநாளில் அல்ல, வயல் ஓரமாக நடந்த பல ஞாயிறுகளில். அடிமைகளை விடுதலை செய்தபோது நட்டஈடு கொடுத்தார்களாம், அடிமைகளுக்கு அல்ல, முதலாளிமாருக்கு! விடுதலை என்று சொன்ன பிறகும், தொழில் பழகவேண்டும் என்று இன்னும் சில வருஷம் அதே வயலில் கட்டி வைத்தார்களாம். பிறந்ததிலிருந்து கரும்பு வெட்டியவனுக்கு இனி என்ன இழவு தொழில் பழக இருக்கிறது? அந்தத் தவணையும் முடிந்ததும் அநேகம் பேர் கத்தியைப் போட்டுவிட்டுக் கரைப்பக்கம் போய் மீன் பிடித்தார்கள். அவர்கள் விட்டுப்போன குடிசைகளிலேயே, சென்னையிலும் கல்கத்தாவிலும் கப்பலேற்றிய எங்கள் ஆட்களைக் கொண்டுவந்து இருத்தினார்கள். இவர்களுக்குச் சம்பளம் உண்டு என்று ஒப்பந்தம். ஒரு நாள் வராவிட்டால் இரண்டு நாள் சம்பளம் வெட்டு. மிஷேலின் தகப்பன் வழி அது. கப்பலில் ஒரே பானையில் சமைத்துச் சாப்பிட்டவர்களுக்குக் கரை இறங்கும்போது எந்தப் பக்கம், ஆற்றை மோன் எல்லாம் கரைந்துபோய்விட்டது.

இங்கே கரும்பு வயல்களின் நடுவில் பெரிய பெரிய கற்குவியல்கள் நிற்கும். எரிமலைக் கல். வயலாக்குவதற்காக அடிமைகள் கையால் பொறுக்கிக் குவித்தவை. ஒவ்வொரு ஆண்டும் கடைசி வெட்டு நாளில் ரோஸ்லின் புதுச்சீனியில் ஒரு பிடி கொண்டுபோய் அந்தக் கல்லில் வைப்பார். கல் சுமந்தவர்கள் சீனி தின்னவில்லை, அதனால். முதல்முறை அதைப் பார்த்தபோது என்னிடம் கேட்டார், உங்கள் நாட்டிலும் அடிமைகள் இருந்தார்களா? இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். ஆணியில் தொங்கின தகரப் பேணி கண்ணுக்குள் வந்தது. அடிமை குடிமை என்று ஊரில் வேலைக்கு வரும் ஆட்களைச் சும்மா சொல்லுகிற சொல், சும்மா வந்த சொல்லா? எங்கள் பழைய வழமைச் சட்டத்தில் அடிமைகளைப் பற்றியும் எழுதியிருந்தது. பெண்ணுக்குச் சீதனமாக ஆட்களைக் கொடுத்திருக்கிறார்கள். வலிகாமத்துச் செம்மண் தோட்டங்களில் சுண்ணாம்புக்கல்லைக் கிளறி எடுத்து வேலியோரம் குவித்தது யார்? "இருந்தார்கள்" என்றேன். ரோஸ்லின் என் முதுகைத் தடவினார், ஏதோ என் வீட்டில் செத்தவீடு நடந்ததுபோல.

கலியாணம் என்று கதை வந்ததும் நான் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். ஐயாவின் வாயால் ஓம் என்ற சம்மதம் வரவேண்டும். வராவிட்டால் கட்டமாட்டேன், வேறு யாரையும் கட்டவும் மாட்டேன். தாயில்லாத பிள்ளையைத் தலைவாரி வளர்த்த மனிதர், அவர் உறவை அறுத்துவிட்டு எனக்கு ஒரு வாழ்வா? அண்ணை தலையில் கையை வைத்துக்கொண்டார்.

"வசந்தி, நான் சொல்லுறதைக் கேள். தஞ்சாவூர்ப் பக்கம், நல்ல குடும்பம் எண்டு சொல்லிவிடுவம். ஐயா என்ன கப்பலேறி வந்தே பாக்கப்போறார்?"

"அவற்றை மூண்டாவது கேள்வி உங்களுக்கு மறந்துபோச்சோ அண்ணை?"

"அதுக்கும் ஒரு பேரைச் சொல்லுவம்."

மிஷேல் மாட்டேன் என்றார். என் தாயை மறைத்துவிட்டு உன்னை எடுக்கமுடியாது என்றார். பிறகு ரேப்பில் ஒரு ஒலிநாடாக் கசற்றைப் போட்டுத் தானே பேசிப் பதிந்தார். நான் பக்கத்தில் இருந்தேன், வாய் திறக்கவில்லை. "வணக்கம் ஐயா. என் பெயர் மிஷேல். நான் சீனி ஆலையில் வேலை செய்கிறேன். எனக்கு ஊர் தெரியாது. என் அப்பாவின் ஆட்கள் ஒப்பந்தக் கூலிகள். என் அம்மாவின் ஆட்கள் அடிமைகள். இதை வசந்தி எழுதித் தரவில்லை, நானே சொல்கிறேன்." பிறகு ஒரு தேவாரம் பாடினார், இந்தமுறை பொருள் தெரிந்து.

தொண்ணூற்றைந்தின் தொடக்கத்தில் சண்டை கொஞ்சம் ஓய்ந்திருந்தது. ஊருக்குப் போன ஒரு கரவெட்டிக்காரரிடம் கசற்றைக் கொடுத்துவிட்டோம். அவர் திரும்பி வந்தபோது ஐயா தந்தது என்று ஒரு குட்டான் பனங்கட்டி கொண்டுவந்தார். ஓலைக் குட்டானைக் கவிழ்த்து, உதறி, மணந்தும் பார்த்தேன். பனங்கட்டி வந்தது, பதில் வரவில்லை. "ஒண்டும் சொல்லேல்லைத் தங்கச்சி. பிள்ளைக்குக் குடுங்கோ எண்டு மட்டும் சொன்னவர்" என்றார் கரவெட்டிக்காரர். அதற்குப் பிறகு சண்டை திரும்பத் தொடங்கிவிட்டது. ஐப்பசி முடிவில் ஆமி நெருங்க, மானிப்பாயோடு வலிகாமம் முழுவதும் ஒரே நாளில் எழும்பித் தென்மராட்சிப் பக்கம் நடந்ததாம். மழையில், ஒரே தெருவில், அத்தனை சனமும். வானொலியில் கேட்டோம். ஐயா எங்கே என்று சொல்ல ஒரு நாதியில்லை. நான் பனங்கட்டியைத் தொடவில்லை. தொட்டால் முடிந்துவிடும் என்று ஒரு விசர்ப் பயம்.

மார்கழியில் ஒருநாள் வகுப்பின் நடுவில் அண்ணை ஓடிவந்து என்னை வீட்டுக்கு இழுத்துக்கொண்டு போனார். வவுனியாவிலிருந்து தொலைபேசி, திரும்ப எடுப்பாராம். ஐயா!

"பிள்ளை, நான் இருக்கிறன். அழாதை, காசு ஓடுது."

"எப்பிடி ஐயா வந்தனீங்கள்?"

"அதை விடு. இஞ்சை கேள், சந்திக்குச் சந்தி ஆமிக்காரர் மறிக்கிறாங்கள் மோனை. எந்த ஊர் எண்டு கேக்கிறாங்கள். மானிப்பாய் எண்டவுடனை மூஞ்சி மாறுது. மானிப்பாயிலை எந்தப் பக்கம்? பிறகு ஆற்றை மோன்! எனக்கு எழுபது வயசு, என்ரை அப்பு செத்து எவ்வளவு காலம், என்னட்டை ஆற்றை மோன் எண்டு கேக்கிறான்! என்ரை மூண்டு கேள்வியையும் எடுத்து எனக்கே போட்டிட்டாங்கள்." சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "பெரிய அலுப்படி அது. நான் இவ்வளவு காலம் அதையே கேட்டுக்கொண்டிருந்தனான்?"

காசு ஓடுகிறதே என்று அவசரமாகக் கேட்டேன்.

"ஐயா, கசற் கேட்டனீங்களோ?"

"கேட்டன். கரண்ட் இல்லை, பற்றரி இல்லை. சைக்கிளைக் கவிட்டுப்போட்டு டைனமோவிலை ரேப்பைக் குடுத்து, கையாலை சில்லைச் சுத்திக் கேட்டன். கை சோர்ந்து சில்லுச் சுத்துறது குறைஞ்சால் பெடியன்ரை குரல் இழுபடுது. பாட்டு முடியும்வரை விடாமல் சுத்தினன்."

"பிறகு ஏன் பதில் தரேல்லை?"

"என்னத்தைச் சொல்ல? ஊர் தெரியாது எண்டு சொல்லுறான். ஊர் தெரியாத மனிசனும் உண்டோ எண்டு நினைச்சன். இப்ப எனக்கும் ஊர் இல்லை. அவனும் நானும் சரிக்குச் சரி. ஓம் எண்டு சொல்லு. தாய் மனிசிக்கும் நான் ஓம் சொன்னதெண்டு சொல்லு." அதோடு, "உவன் தேத்தண்ணிக்கு எத்தினை கரண்டி சீனி போடுறவன்?" என்று கேட்டார்.

"மூண்டு."

"ஐயோ கடவுளே! உவனுக்குக் கடிச்சுக் குடிக்கப் பழக்கு பிள்ளை." இணைப்பு அறுந்தது. நானும் அண்ணையும் கட்டிப்பிடித்து அழுத அழுகையில் பக்கத்து வீட்டுக்காரி செத்தவீடு என்று நினைத்து மெழுகுதிரி கொண்டுவந்துவிட்டாள்.

அந்தக் கிழமையே கடைசி வெட்டு. மாட்டு வண்டில் காலத்திலிருந்து வரும் வழக்கப்படி கடைசி லொறிக்குப் பூக்கட்டி அனுப்பினார்கள். ரோஸ்லின் சீனியை ஒரு துணியில் முடிந்துகொண்டு கற்குவியலுக்குப் புறப்பட, நான் குட்டானையும் எடுத்துக்கொண்டு பின்னால் போனேன். அவர் ஒரு பிடி சீனியைக் கல்லில் வைத்தார். நான் பனங்கட்டியை உடைத்து, ஒரு பாதியைப் பக்கத்தில் வைத்தேன்.

இது யாருக்கு என்று கேட்டார். தகரப் பேணியில் குடித்தவர்களுக்கு என்றேன். அவருக்கு விளங்கியிருக்காது. அவர்கள் எங்கே என்று கேட்டார். நான் கையை நீட்டி, வயலுக்கு மேலால், கடல் இருக்கிற திசையைக் காட்டி, "லா" என்றேன். ரோஸ்லின் தலையாட்டினார், அந்த ஊர் தனக்குத் தெரியும் என்பதுபோல.

மற்றப் பாதியை வாயில் போட்டுக்கொண்டு நின்றேன். என் வெள்ளைச் சேலையில் சாம்பல் விழுந்துகொண்டிருந்தது. கல்லிடுக்கிலிருந்து எறும்புகள் வந்தன. பரம்பரை பரம்பரையாகச் சீனி தின்று வளர்ந்த எறும்புகள். அவை சீனியைத் தாண்டி முதலில் பனங்கட்டிக்குத்தான் போயின. எனக்குப் பெருமையாக இருந்தது.