போகிக்கு எரித்த வைக்கோல்

இது நடந்தது. நம்பாதவர்கள் லேக் மார்க்கெட்டுக்குப் பின்னால் இருக்கும் அந்த இரண்டாம் மாடி வீட்டுக்கு ஒரு நடை போய்வரலாம். வத்சலா இன்றும் அங்கேதான் இருக்கிறாள். கதவைத் திறப்பாள், காபியும் கொடுப்பாள். இதைப் பற்றி மட்டும் வாய் திறக்க மாட்டாள்.

அவள் கணவர் சுந்தரராஜன் வாங்கிய வீடு அது. உள்ளே வாடகைக்கு இருந்தவள் பிரதிமா சான்யால் என்ற வயதான வங்காள விதவை. தெருவே அவளைச் சித்தி என்ற பொருளில் மாஷிமா என்றழைத்தது. காலி செய்ய மறுத்தாள். வழக்கு வருடக்கணக்கில் இழுத்தது. சுந்தரராஜன் துறைமுக வேலையிலிருந்து ஓய்வு பெற்று, கிடர்பூர் குவார்ட்டர்ஸை விட்டாக வேண்டிய நேரத்தில் வக்கீல்கள் சமரசம் பேசினார்கள். போகியன்று மாலை சாவி கைமாற வேண்டும். மறுநாள் தை பிறக்கும்போது அங்கே பால் காய்ச்ச வேண்டும் என்று அந்தத் தேதியை அடம்பிடித்து வாங்கியவள் வத்சலாதான்.

போகியன்று மதியம் மாஷிமா வத்சலாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பௌமா, இன்னும் மூணே நாள் குடு. எங்க பௌஷ் மாசக் கடைசி. லட்சுமி வீட்டை விட்டுப் போகக் கூடாதுன்னு நாங்க வைக்கோல் கட்டுற சமயம். இப்பவா என்னைப் போகச் சொல்ற?"

பௌமா என்றால் மருமகள்.

"இத்தனை வருஷம் கட்டித்தானே வெச்சிருந்தீங்க, மாஷிமா. போதும்."

கிழவி அதற்குமேல் கெஞ்சவில்லை. மாலையில் சாவியைக் கொடுத்துவிட்டு டாக்சியில் ஏறினாள். ஆற்றுக்கு அக்கரையில், சாந்த்ராகாச்சியில் அண்ணன் மகன் வீடு. வண்டி முனை திரும்பும்வரை வத்சலா பால்கனியில் நின்று பார்த்தாள்.

சுந்தரராஜன் பாலும் மாவிலையும் வாங்கக் கிளம்பினார்.

"தனியா இருப்பியோன்னோ?"

"இனிமே நம்ம அகம்தானே. என்ன பயம்?"

ஒவ்வொரு அறையாகப் பார்த்தாள். வெறும் சுவர்கள். திரும்பி வந்தபோது படுக்கையறைத் தாழ்ப்பாளில் வைக்கோல் திரி ஒன்று சுற்றி முடிச்சிட்டிருந்தது. சற்றுமுன் அந்தத் தாழ்ப்பாளைத் திறந்தது அவள்தான்...

குழாயில் ஒன்று. ஜன்னல் கம்பியில் ஒன்று.

போகிக்குப் பழையதை எரிப்பது அவள் வீட்டு வழக்கம். விடியலில் செய்ய வேண்டியதை, வீடு கைக்கு வரட்டும் என்று மாலைக்குத் தள்ளியிருந்தாள். பால்கனியில் இரும்பு வாளிக்குள் அவள் கொண்டுவந்து கொளுத்திய பழைய கோரைப்பாய் ஏற்கெனவே எரிந்துகொண்டிருந்தது. திரிகளைக் கத்தியால் அறுத்து அதில் போட்டாள்.

வைக்கோல் வாசனை வரவில்லை. தலைமுடி கருகும் நாற்றம்...

உள்ளே யாரோ முனகினார்கள்.

போய்ப் பார்த்தாள். யாருமில்லை. தாழ்ப்பாளில் மறுபடி வைக்கோல். தொட்டாள். வெதுவெதுப்பாக இருந்தது.

அறுத்தாள். எரித்தாள்.

முனகல் பக்கத்தில் வந்தது.

குழாய். ஜன்னல். மறுபடி... மறுபடி...

"போ," என்றாள் வத்சலா. "போயிடு."

வாசல் நிலையில், கழுத்தளவு உயரத்தில், தடியாக ஒன்று.

அதையும் அறுத்தாள்.

நெருப்பில் போட்டாள்.

முனகல் நின்றது.

கைப்பேசி அடித்தது. கிழவியின் அண்ணன் மகன். மாஷிமா வழியிலேயே, பாலத்தின் மேல், டாக்சியில் இறந்துவிட்டாளாம்.

வத்சலா கணவரிடம் சொல்லவில்லை. மறுநாள் நல்ல நேரத்தில் பால் காய்ச்சினாள். அது கிழக்குப் பக்கமாகவே பொங்கி வழிந்தது. அதன் பிறகுதான் சொன்னாள்.

மாஷிமாவின் சிராத்தத்துக்குப் போய்வந்த சுந்தரராஜன் செருப்பைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார்.

"உடம்பைக் குளிப்பாட்டினவா பாத்தாளாம். ரெண்டு மணிக்கட்டுலயும், கால்லயும், கழுத்துலயும் வளையம் வளையமா தீக்காயம். வண்டியில நெருப்பே இல்லைங்கறான் டிரைவர்."

வத்சலா அடுப்பைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"மாஷிமா கையை உதறிண்டே ஒண்ணையே திரும்பத் திரும்பச் சொல்லிண்டு வந்தாளாம்."

"என்னன்னு?"

"போய்ண்டுதானே இருக்கேன், பௌமா... போய்ண்டுதானே இருக்கேன்."