பாதி எண்ணெயோடு போன கப்பல்

1. முதல் நாள்

பீரங்கி வைத்த கப்பலில் வேலை என்று கீரப்பாளையம் முழுக்கச் சொல்லிவிட்டுத்தான் கடற்படைக்குப் போனேன். கிடைத்தது எண்ணெய்க் கப்பல். போர்க்கப்பல்கள் கரைக்குத் திரும்பாமலே ஓட, நடுக்கடலில் அவற்றுக்கு டீசலும் குடிதண்ணீரும் கொடுப்பதுதான் அதன் வேலை. டெக்கில் எனக்கு மேலதிகாரியாக இருந்த பெட்டி ஆபீசர் ஆரோக்கியசாமி கடலூர் முதுநகர்க்காரர். என் முகத்தைப் பார்த்ததுமே சிரித்துவிட்டார்.

"இன்னாப்பா, பீரங்கி இல்லன்னு வருத்தமா? நாம போவலன்னா அவுங்க பீரங்கியத் தூக்கிக்கினு நீந்தித்தான் போவணும்."

ஒரு மாதத்தில் அவர் எனக்கு மாமா ஆகிவிட்டார்.

2. வால்வு

நான்காவது வருடம் போர் வந்தது. காலையும் மாலையும் ஏதாவது ஒரு கப்பல் எங்கள் பக்கத்தில் வந்து சேர்ந்து ஓடும். நடுவே இரும்புக் கம்பி கட்டி, அதில் ரப்பர் ஹோஸைத் தொங்கவிட்டு டீசல் அனுப்புவோம். இரண்டு கப்பலும் ஒரே வேகத்தில், ஒரே திசையில் போக வேண்டும். என் வேலை, டீசலைத் திறந்து மூடும் டெக் வால்வில்.

ஒரு நாள் மதியம், கடல் முரட்டுத்தனமாக இருந்தது. பாதி டீசல் போயிருக்கும். பக்கத்துக் கப்பல் மெல்ல விலகியது. வளைந்து தொங்கிய ஹோஸ் நிமிர்ந்துகொண்டே வந்தது. மேலே, கப்பலை ஓட்டும் பிரிட்ஜிலிருந்து உத்தரவு எதுவும் வரவில்லை. நான் சக்கரத்தைச் சுற்றி வால்வை மூடிவிட்டேன்.

"யாரு மூடச் சொன்னது?" என்று மாமா ஓடி வந்தார்.

"யாரும் சொல்லல மாமா. ஹோஸப் பாருங்க."

அவர் பார்த்தார். அடுத்த நிமிடம் பிரிட்ஜிலிருந்தே ஹோஸைக் கழற்றச் சொல்லிவிட்டார்கள். ஹோஸ் அறுந்துபோகவில்லை. போர்க்காலம் என்பதால் வயர்லெஸ்ஸில் பேசி விசாரிக்கவும் கூடாது. அந்தக் கப்பல் பாதி எண்ணெயோடு தன் வழியே போய்விட்டது.

கேப்டன் என்னைக் கூப்பிட்டு விசாரித்தார். மாமாவும் கூட வந்து, தான் பார்த்ததைச் சொன்னார். "நீ மூடியது சரியாகவும் இருக்கலாம், அவசரமாகவும் இருக்கலாம். எனக்குத் தெரியாது" என்று கேப்டன் ஆங்கிலத்தில் சொல்லி அனுப்பினார். திட்டியிருந்தால்கூடத் தேவலை. டீசல் தீர்ந்து அவர்கள் எங்காவது மாட்டிக்கொண்டார்களோ என்று எனக்குச் சோறு இறங்கவில்லை. பத்திரமாகக் கரை சேர்ந்தார்கள் என்று போர் முடிந்த பிறகுதான் தெரிந்தது. ஆனாலும் அவசரப்பட்டுவிட்டேனோ என்ற எண்ணம் மட்டும் போகவில்லை.

3. பந்தியில்

ஓய்வு பெற்றுச் சிதம்பரத்தில் வீடு கட்டிக்கொண்டேன். எங்கள் கப்பலும் வேலை முடிந்து உடைக்கப் போய்விட்டது. போன வருடம் கடலூரில் மாமா பேத்தி கல்யாணம். மாதா கோயிலில் பூசை முடிந்து பந்தியில் உட்கார்ந்தபோது, பக்கத்தில் நெல்லிக்குப்பத்துக்காரர் ஒருவர். அவரும் கடற்படை. பேச்சு வளர்ந்தது. அவர் இருந்தது, பாதி எண்ணெயோடு போன அந்தக் கப்பலில்தான்.

"அன்னைக்கு எங்க பக்கம் ஹோஸ மாட்டுன கப்ளிங் விட்டுப்போச்சு சார். டீசல் பீச்சி அடிக்குது, நாலு பேரு அங்கியே நிக்கிறோம். ஒரு பொறி பட்டா போதும், எல்லாம் முடிஞ்சுதுன்னு நெனச்சேன். திடீர்னு நின்னுபோச்சு. உங்க ஆளு எவனோ மூடியிருக்கான்."

"நான்தாங்க மூடினேன்."

அவர் சாப்பிடுவதை நிறுத்திவிட்டார். பிறகு எதிர்ப் பந்தியிலிருந்த தன் மனைவியைக் கூப்பிட்டார். "இங்க வா. இவருதான்" என்றார். வீட்டில் பலமுறை சொல்லியிருப்பார் போல. அந்த அம்மா கையெடுத்துக் கும்பிட்டார். நான் இன்னும் கொஞ்சம் சாம்பார் கேட்டேன்.

எண்ணெய்க் கப்பல் வேலைக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்ல இருப்பது இவ்வளவுதான்: சந்தேகம் வந்தால் நிறுத்திவிடுங்கள். நிறுத்தியது சரிதான் என்று பெரும்பாலும் யாரும் வந்து சொல்லமாட்டார்கள். அதற்காகக் காத்திருக்காதீர்கள். எனக்குச் சொல்ல ஆள் வந்தது என் அதிர்ஷ்டம்.