நடுப்பாறையில் வாசித்த தீர்ப்பு

மனு எழுதும் கலீலுல்லா ராவுத்தருக்கு ஒரு பழக்கம் இருந்தது. எழுதி முடித்த மனுவை எதிர்த்தரப்புக்காரன் வாசித்தால் எந்த இடத்தில் சிரிப்பான் என்று யோசிப்பார். அந்த இடத்தை அடித்துவிட்டுத் திரும்ப எழுதுவார். இதனால் அவருடைய மனுக்கள் குட்டையாக இருந்தன. பக்கத்துக்கு இவ்வளவு என்று கூலி வாங்குகிற மனிதருக்கு இது ஏற்ற பழக்கம் அல்ல என்பது அவர் மனைவி மதீனா பீவியின் அபிப்பிராயம்.

சேலத்தில் ஐந்தாம் பாரம் வரை தமிழும் இங்கிலீஷும் படித்தவர். தகப்பனாரின் ஜவுளிக்கடை அண்ணனுக்குப் போனது. இவர் மனைவியின் ஊரான புளியந்துறைக்கு வந்தார். காவிரியின் கிழக்குக் கரையில், ஈரோட்டு ரயில் பாலத்துக்கு நான்கு மைல் மேலே இருக்கிறது புளியந்துறை. வாரத்தில் இரண்டு நாள் சங்ககிரி தாலுகா கச்சேரி வாசலில் மனு எழுதினார். மற்ற நாட்களில் படித்தார். அண்ணன் கடையில் துணி சுற்ற வாங்கும் பழைய இங்கிலீஷ் பத்திரிகைகளில் ஒரு கட்டு மாதாமாதம் அவருக்கு வரும்.

"போன மாசத்துச் சேதியப் படிச்சு இந்த மாசம் என்ன பண்ணப் போறீங்க?" என்று மதீனா பீவி கேட்பாள்.

"சேதி என்ன கறியா, கெட்டுப்போக?" என்பார் அவர். அதை அவர் முழுமனதாக நம்பினார்.

1927 ஆடியில் ஆறு நுரைத்துக்கொண்டு போனது. மேட்டூரில் அணைக்கு அப்போதுதான் அஸ்திவாரம் தோண்டிக்கொண்டிருந்தார்கள். வெள்ளத்தைக் கேள்வி கேட்க யாரும் இல்லை. புளியந்துறைப் பரிசல்காரன் செங்கோடன் நான்கு பேரை ஏற்றிக்கொண்டு மேற்கே போனான். எதிர்க்கரை நெட்டையம்பாளையத்துப் பரிசல்காரன் கந்தப்பன் ஒரு மணியை ஏற்றிக்கொண்டு கிழக்கே வந்தான். அந்த ஊர் மாரியம்மன் கோயிலுக்கு வார்த்த புது வெண்கல மணி அது. இரண்டு ஆள் சேர்ந்தால்தான் தூக்கலாம். கிழக்குக் கரையில் ஒரு தச்சரிடம் மரச்சட்டம் பொருத்த எடுத்து வந்தார்கள். நட்டாற்றில் பரிசலும் பரிசலும் இடித்துக்கொண்டன. கந்தப்பனின் பரிசல் கவிழ்ந்தது. மனிதர்கள் நீந்தினார்கள். மணி நீந்தவில்லை.

இடித்தது செங்கோடன்தான் என்றது மேற்கரை. குறுக்கே வந்தது கந்தப்பன்தான் என்றது கிழக்கரை. இதில் புதுமை இல்லை. யார் விசாரிப்பது என்பதில்தான் சிக்கல் வந்தது. கிழக்கரைப் பஞ்சாயத்து விசாரித்தால் அம்மனுக்கு ஒரு தேங்காய் உடைக்கச் சொல்லி விட்டுவிடும். மேற்கரைப் பஞ்சாயத்து விசாரித்தால் செங்கோடன் ஆயுசுக்கும் மேற்கரையில் கால் வைக்கக் கூடாது என்று சொல்லிவிடும். சொல்லப்போவதாக இப்போதே சொல்லிக்கொண்டிருந்தார்கள். இரு கரைக்கும் இது தெரியும். ஒரு கரை மட்டும் உள்ள பரிசல் வெறும் கூடை. செங்கோடனுக்கு நிலம் கிடையாது, வேறு தொழில் தெரியாது.

அவன் ராவுத்தரிடம் வந்து வாசலில் நின்றான்.

"ஏனுங்க, நடு ஆறு யாரு ஊருங்க?"

"யாரு ஊரும் இல்ல."

"அப்ப யாருமே என்னைய விசாரிக்கக் கூடாதுங்களே?"

ராவுத்தர் உள்ளே போய்ப் பத்திரிகைக் கட்டைப் பிரித்தார். இரண்டு நாள் முன்பு அதில் எதையோ படித்த நினைவு.

இருந்தது. நடுக்கடலில் ஒரு பிரெஞ்சுக் கப்பலும் ஒரு துருக்கிக் கப்பலும் மோதிக்கொண்டன. துருக்கிக் கப்பல் முழுகி எட்டுப் பேர் இறந்தார்கள். பிரெஞ்சுக் கப்பல் துருக்கிப் பட்டணத்துக்கு வந்ததும், மோதிய நேரத்தில் அதை நடத்திய அதிகாரியைத் துருக்கிக்காரர்கள் பிடித்து விசாரித்துத் தண்டித்தார்கள். கூடாது என்றது பிரான்ஸ்: நடுக்கடல் யாருக்கும் சொந்தமில்லை, கப்பலில் பறக்கும் கொடி எந்தத் தேசத்துடையதோ அந்தத் தேசமே கப்பல்காரனை விசாரிக்கலாம். வழக்கு ஹாலந்து தேசத்து ஹேக் நகரில் இருக்கும் உலகக் கோர்ட்டுக்குப் போயிருந்தது. பிரான்ஸ் தரப்பு வக்கீலின் வாதம் முக்கால் பத்தி வந்திருந்தது. ராவுத்தர் அதை மூன்று முறை படித்தார். எந்த இடத்திலும் சிரிப்பு வரவில்லை. அதனால் அதுவே சட்டம் என்று முடிவு செய்தார்.

காவிரியின் அந்தப் பகுதியில் இரு கரைக்கும் வழக்கு வந்தால் ஆற்றின் நடுவே இருக்கும் நடுப்பாறையில் உட்காருவது வழக்கம். மூன்றாவது ஊர்க்காரர் ஒருவர் தலைமை ஏற்பார். இரு தரப்பும் முதலில் முச்சலிக்கை எழுதிக் கைநாட்டு வைக்க வேண்டும்: இங்கே ஆவதற்குக் கட்டுப்படுகிறோம் என்று. ஒரு தரப்பு மறுத்தால் பாறை வெறும் பாறைதான். புரட்டாசிக் கடைசியில், தண்ணீர் இறங்கியதும், இரு கரையும் கைநாட்டு வைத்து, மேலத்தூர்க் குழந்தைவேல் கவுண்டர் தலைமையில் உட்கார்ந்தார்கள். முடிவு செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று: செங்கோடனை எந்தக் கரை விசாரிப்பது?

ராவுத்தர் எழுந்து உலகக் கோர்ட்டைப் பற்றிச் சொன்னார்.

"அது யாரு வெச்ச கோர்ட்டுங்க? வெள்ளைக்காரனா?" என்றார் கவுண்டர்.

"பல தேசம் சேர்ந்து வச்சதுங்க. தனி ஆளு அங்க போக முடியாது. தேசமும் தேசமும்தான் வழக்காடலாம். ரெண்டு தேசமும் சம்மதிச்சாத்தான் கோர்ட்டு உட்காரும்."

"முச்சலிக்கை."

"அதேதானுங்க."

"தீர்ப்புக்குக் கட்டுப்படலைன்னா? அமீனா வருவானா?"

"அமீனா கிடையாதுங்க. நாலு பேரு முன்னால ஒப்புக்கிட்டோமேங்கிற வெக்கம்தான்."

கவுண்டர் பாறையைச் சுற்றி ஓடும் தண்ணீரைப் பார்த்தார். "நம்மளவிடப் பெருசுன்னு நெனச்சேன். பரவால்ல, நம்ம மாதிரித்தான் இருக்கறாங்க. மேல சொல்லுங்க."

ராவுத்தர் கப்பல் கதையைச் சொல்லி, கொடிக்குப் பதில் கரை என்று வைத்தார். செங்கோடனின் பரிசல் கிழக்கரைப் பரிசல். நட்டாற்றில் அது கிழக்கரையின் ஒரு துண்டு. ஆகவே கிழக்கரையே விசாரிக்க வேண்டும். கிழக்கரைக்காரர்கள் தலையாட்டினார்கள். செங்கோடன் துடுப்பை ஊன்றியபடி நின்று, தன் பரிசல் ஒரு துண்டு ஊர் என்பதை முதல்முறையாகக் கேட்டுக்கொண்டிருந்தான்.

மேற்கரைக்காகப் பேச வந்தவர் பஞ்சுத் தரகர் அங்கமுத்து. அவர் மடியிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்தார். ஈரோட்டில் வெல்லம் சுற்றிக் கொடுத்த இங்கிலீஷ் பத்திரிகை.

"இதுலயும் ரெண்டு கப்பல் படம் போட்டிருக்குது. ஸ்டேஷன் மாஸ்டர் பார்த்துட்டு, இந்த வழக்கு முடிஞ்சுபோச்சுன்னு சொன்னாரு. என்ன முடிஞ்சுதுன்னு கேக்கறதுக்குள்ள ரயிலு வந்துருச்சு. எனக்கு இங்கிலீஷ் தெரியாது. ராவுத்தரே படிச்சுச் சொல்லட்டும்."

"எதிராளிகிட்டயே குடுக்கறயாப்பா?" என்று ஒரு மேற்கரைக்காரர் கேட்டார்.

"ராவுத்தரு பொய் எழுதி நாம யாரு பாத்திருக்கறோம்?"

ராவுத்தர் வாங்கினார். அதன் தேதி அவருடைய பத்திரிகைக்கு ஒரு மாதம் பிந்தியது. மனதுக்குள் ஒரு முறை படித்தார். பிறகு இன்னொரு முறை. அந்தப் பாறையில் இங்கிலீஷ் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். 'பிரான்ஸ் ஜெயித்தது' என்பது மிகச் சின்ன வாக்கியம். சொல்வதற்கு ஒரு மூச்சுக்கூட ஆகாது. செங்கோடன் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். வெல்லப்பாகு ஒட்டிய காகிதம் ராவுத்தரின் விரலில் பிசுபிசுத்தது.

"கோர்ட்டு தீர்ப்புச் சொல்லிருச்சு," என்றார். "கொடிக்காரன்தான் விசாரிக்கணும்னு ஒரு சட்டமும் இல்லையாம். அடி விழுந்தது துருக்கிக் கப்பல் மேல. அதனால துருக்கி விசாரிச்சது தப்பில்லையாம்."

செங்கோடன் ஊன்றியிருந்த துடுப்பைப் பாறையில் கிடத்தினான்.

"உங்க வாயாலயேவா ராவுத்தரே!" என்றார் ஒரு கிழக்கரைக்காரர்.

"எழுதியிருக்கறதைப் படிச்சேன்."

"எத்தனை பேரு சொன்ன தீர்ப்பு அது?" என்று கவுண்டர் கேட்டார்.

"பன்னண்டு பேருங்க. ஆறு இந்தப் பக்கம், ஆறு அந்தப் பக்கம். தலைவரு எந்தப் பக்கமோ அந்தப் பக்கம் செல்லும்னு முடிச்சாங்க."

கவுண்டர் அங்கே வந்ததிலிருந்து முதல்முறையாக நிமிர்ந்து உட்கார்ந்தார். "தலைவருக்கு அங்க நல்ல மரியாதை. செரி. மேற்கரையே விசாரிக்கலாம்."

அங்கமுத்து எழுந்து துண்டை உதறினார். "எங்க ஊரு பெரியவங்க எல்லாரும் இங்கயே இருக்கறாங்க. எதுக்கு இன்னொரு நாளு? செங்கோடன் ஆயுசுக்கும் எங்க கரையில..."

"இருங்க," என்றார் ராவுத்தர். "படிச்சு முடியலை."

"இன்னும் என்ன?"

"துருக்கிக்காரங்க அந்த அதிகாரிக்கு எண்பது நாள் ஜெயில் போட்டாங்க. கொஞ்சம் அபராதம். அவ்வளவுதான்."

"எட்டு உசிரு போனதுக்கா?" என்றார் கவுண்டர்.

"ஆமாங்க. முழுகின துருக்கிக் கப்பலோட தலைவனையும் சேர்த்து விசாரிச்சாங்க. அவனுக்கு இதைவிடக் கொஞ்சம் அதிகம்."

கந்தப்பன் அதுவரை பாறையின் ஓரத்தில் காலை நனைத்துக்கொண்டு வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தான். காலை வெளியே எடுத்தான்.

"அதெல்லாம் அவங்க ஊருக் கணக்கு," என்றார் அங்கமுத்து.

"மாட்டை ஓட்டிக்கிட்டுப் போவீங்க, கயித்தை மட்டும் இங்கயே உட்டுட்டுப் போவீங்களா?" என்றார் கவுண்டர். "வழக்கு வேணும்னா அளவும் வேணும். அங்க எட்டு உசிரு. இங்க ஒரு மணி."

"ஒண்ணு சொல்லிடணுங்க," என்றார் ராவுத்தர். "அளவைப் பத்தி அந்த உலகக் கோர்ட்டு ஒண்ணும் சொல்லலை. யாரு விசாரிக்கலாம்னு மட்டும்தான்..."

"ராவுத்தரே," என்றார் கவுண்டர். "கொஞ்சம் சும்மா இருங்க."

மேற்கரைப் பெரியவர்கள் பாறையின் மறுபக்கம் போய்க் கூடிப் பேசினார்கள். உலகம் ஒப்புக்கொண்ட வழக்கை எடுத்துக்கொண்டு அளவை மட்டும் விட்டுவந்தார்கள் என்று நாளைக்கு நாலு ஊர் பேசும். திரும்பி வந்து சொன்னார்கள்: செங்கோடனுக்கு எண்பது நாள் மேற்கரை விலக்கு. கந்தப்பனுக்குத் தொண்ணூறு நாள் துடுப்பு விலக்கு.

"எனக்கு எதுக்குங்க? முழுகினது என்ற பரிசலு!" என்றான் கந்தப்பன்.

"அங்கயும் அப்படித்தான் ஆச்சு," என்றார் கவுண்டர்.

அன்று சாயங்காலம் மதீனா பீவி கேட்டாள்: "தோத்துட்டீங்களாமே?"

"தோத்தேன்."

"உண்மையச் சொல்லித் தோத்தீங்களாமே."

"ஆமா."

"அதுக்குக் கூலி உண்டா?"

அதற்குக் கூலி இல்லை. செங்கோடன் ஒரு மாதம் அவரிடம் பேசவில்லை. மேட்டூரில் அணைக்கு மண் சுமக்கப் போனான். இரு கரையிலும் பரிசல்கள் கவிழ்ந்து கிடந்தன. சந்தைக்குப் போகிறவர்கள் நான்கு மைல் இறங்கி நடந்து, ரயில் வராத நேரம் பார்த்துப் பாலத்தில் கடந்தார்கள். அப்படிக் கடந்தவர்களில் அங்கமுத்துவும் ஒருவர். பாதிப் பாலத்தில் ஒரு நாள் அவர் ஓட வேண்டி வந்தது.

எண்பத்தோராம் நாள் காலையில் செங்கோடன் பரிசலை இறக்கினான். பதினோரு பேர் ஏறினார்கள். மேற்கரையில் கந்தப்பன் தண்ணீரில் இறங்கி நின்று, பரிசலின் விளிம்பைப் பிடித்து இழுத்து மணலில் ஏற்றினான். அவனுக்கு இன்னும் பத்து நாள் பாக்கி.

"அந்தக் கோர்ட்டுல அப்பீலு உண்டான்னு ராவுத்தர்கிட்டக் கேட்டயா?" என்றான்.

"நேத்துக் கேட்டேன். அங்க அப்பீலே கெடையாதாம்."

"அப்பச் செரி," என்று கந்தப்பன் தன் பரிசலின் முதுகில் போய் உட்கார்ந்து, செங்கோடன் கூலி வாங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தான்.