நூற்றைம்பதில் நின்ற ஏழுமலை

தொழிற்சாலை டாக்டரிடம் யாரும் நோயோடு வருவதில்லை. லீவுக்கு ஒரு காரணத்தோடுதான் வருவார்கள். ஒரகடம் கம்பெனி கிளினிக்குகளில் என்னைப்போல் ஸ்டெதஸ்கோப்பும் கையுமாக உட்கார்ந்திருக்கும் சக பாவிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. அப்படிப்பட்ட இடத்துக்கு நிஜமான வியாதி ஒன்று, தான் வியாதியே இல்லை என்று சாதித்துக்கொண்டு வந்தால்?

மே மாதக் குளிர்

ஏட்ரியல் ஃப்ளட்டர் என்றொரு கோளாறு. இதயத்தின் மேலறைகள் அசுர வேகத்தில், ஆனால் தாளம் தப்பாமல் அடித்துக்கொள்ளும். ஈசிஜி தாளில் அது ரம்பப் பல் மாதிரி வரிசையாக விழும். இங்கிலாந்திலிருந்து திரும்பி வேலையில் சேர்ந்த முதல் வாரமே எனக்கு அப்படியொரு ரம்பம் கிடைத்தது. பெயின்ட் ஷாப்காரர் ஒருவர். பரபரவென்று ஆம்புலன்ஸைக் கூப்பிடப் போனேன். அதற்குள் சிஸ்டர் ஸ்டெல்லா ஒரு போர்வையை எடுத்து அவர்மேல் போட்டார். ரம்பம் மாயமாயிற்று. வேர்த்து நனைந்த பனியனோடு ஏசிக்கு நேர் கீழே படுத்து நடுங்கியிருக்கிறார் மனிதர். எழுந்து பவ்யமாகக் கேட்டார்: "ஏசிய கொறச்சா போதுமா சார், இல்ல ஆபரேஷன் பண்ணணுமா?"

ஓகே சீல்

வடக்குப்பட்டு ஏழுமலை, தரக்கட்டுப்பாட்டில் மூத்த ஆள். படி ஏறினால் மூச்சு வாங்குகிறது என்று வந்தார். நாடி நூற்றைம்பது. படுக்க வைத்தேன்: நூற்றைம்பது. தண்ணீர் கொடுத்தேன்: நூற்றைம்பது. ஷூவோடு கட்டிலில் ஏறியதற்கு ஸ்டெல்லா ஒரு பாட்டம் திட்டினார்: அப்போதும் நூற்றைம்பது.

பயத்தில் படபடக்கும் இதயம் ஏறும், இறங்கும். இப்படி ஆணி அடித்தாற்போல் ஒரே எண்ணில் நிற்காது. கவலையோடு ஈசிஜி எடுத்தேன். ஏழுமலைக்கோ முகமெல்லாம் பெருமை. "கொஞ்சங்கூட வேரியேஷன் இல்ல பாருங்க சார். எங்க லைன்ல இப்டி வந்தா கண்ண மூடிக்கினு ஓகே சீல் குத்துவேன்!"

தலைகீழ்

இந்த வேகத்தில் ரம்பப் பற்கள் மற்ற அலைகளுக்குள் ஒளிந்துகொள்ளும். தாளைத் தலைகீழாகப் பிடித்தால் சில சமயம் மாட்டும். பிடித்தேன். சந்தேகம் தீராமல், ஏழுமலையிடம் ஊசியில்லாத சிரிஞ்சைக் கொடுத்து முக்கி ஊதச் சொன்னேன். துடிப்பு சற்றே தயங்கினால் பற்கள் வெளியே தெரியும். தெரிந்தன.

அந்த நேரம் பார்த்துக் கதவைத் திறந்தார் பிளான்ட் மேனேஜர். சிரிஞ்சை ஊதும் ஏழுமலையைப் பார்த்தார். தலைகீழ்த் தாளோடு நிற்கும் என்னைப் பார்த்தார். "மத்தியானம் கஸ்டமர் ஆடிட் டாக்டர், இவர் இல்லாம நடக்காது. தாளை நேரா பிடிச்சுப் பாருங்க. இல்லன்னா அன்னிக்கு மாதிரி ஒரு போர்வை போத்திப் பாருங்களேன்."

பாதிக்குப் பாதி

ரத்தம் உறைந்து மூளைக்குப் போகலாம், பக்கவாதம் வரலாம், இப்போதே ஆஸ்பத்திரி என்றேன். "ஆடிட்ட முடிச்சிட்டுப் போறேன் சார்" என்று ஏழுமலை சட்டையை மாட்ட ஆரம்பித்தார். நான் படித்த இரண்டு மொழிகளும் கைவிட்ட பிறகு, லைன் பாஷையில் இறங்கினேன்.

"ஏழுமலை, மேலறை நிமிஷத்துக்கு முந்நூறு அனுப்புது. கீழறை ரெண்டுக்கு ஒண்ணுதான் எடுக்குது. அதான் உங்க நூற்றைம்பது."

பொத்தானில் இருந்த கை நின்றது. "மீதி?"

"வீண்."

மேனேஜர் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். ஏழுமலை மறுபடி கட்டிலில் உட்கார்ந்தார். "பாதிக்குப் பாதி ரிஜெக்‌ஷனா? இன்னா சார் வேடிக்க பாத்துக்கினு கீறீங்க, வண்டிய கூப்டுங்க!"

திருப்தியில்லை

ஆஸ்பத்திரியில் சரிசெய்து, மாத்திரைகளோடு அனுப்பினார்கள். வேலைக்குத் திரும்பிய அன்று தன் மணிக்கட்டைத் தானே பிடித்தபடி கிளினிக்குக்குள் வந்தார். முகத்தில் புகார். "படுத்தா ஒரு கணக்கு, படி ஏறுனா ஒரு கணக்கு, மூச்ச இழுத்தா வேற கணக்கு. இத்தப் போயி எப்டி சார் பாஸ் பண்ணாங்க?"

ஒரகடத்தில் ஓர் இதயம் நன்றாக இருக்கிறது என்பதற்கு, ஏழுமலை அதற்கு ஓகே சீல் குத்த மறுப்பதைவிட நம்பகமான சான்று எனக்கு இதுவரை கிடைக்கவில்லை.