அரை மணிக்குள் சாகிறவர்

நியூ லின் ரயில் நிலையக் காப்பிக்கடை வரிசையில் எனக்கு முன்னால் ஒரு வெள்ளைக்கார முதியவர் நிற்கிறார். நான் போனில் தமிழ் பேசியதைக் கேட்ட, கடையில் வேலை செய்யும் யாழ்ப்பாணத்து அக்கா, காப்பி போட்டபடியே என்னிடம் சொல்கிறார்: "இவர் இங்கிலாந்து நடிகரெல்லோ! எல்லாப் படத்திலையும் அரை மணித்தியாலத்துக்குள்ள செத்துப்போவார்."

அக்கா என்ன சொன்னார் என்று முதியவர் கேட்கிறார். தயங்கித் தயங்கி மொழிபெயர்க்கிறேன். அவர் முகம் மலர்கிறது. மேடையிலும் திரையிலும் ஆயுசு முழுக்க நடித்தும் லண்டனில் அவரை ஒருவரும் அடையாளம் கண்டதில்லையாம். அக்காவுக்கு எந்தச் சாவு பிடித்தது என்று கேட்கச் சொல்கிறார்.

"சூப்பில நஞ்சு வைச்சுக் குடுப்பினம், அதுதான். நான் அழுதிட்டன்."

நான் மொழிபெயர்த்ததும் முதியவர் காப்பியை வாங்கி ஒரு மடக்குக் குடிக்கிறார். தொண்டையைப் பிடித்துக்கொண்டு கவுண்டர்மேல் மெல்லச் சரிகிறார். வரிசையே அலறுகிறது. அக்கா மட்டும் கண்ணைத் துடைத்துக்கொண்டு கைதட்டுகிறார்.