பத்துக்கு இரண்டு வாங்கிய மாப்பிள்ளை

நான் ஒரு மடையன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு நீங்களாகக் கண்டுபிடித்து வருத்தப்பட வேண்டாம். பத்து வயதில் எனக்கு உலகத்தின் எல்லா நாடுகளுக்கும் தலைநகரம் தெரியும். அப்பர் வோல்டா என்று அன்றைக்கு ஒரு நாடு இருந்தது. அதன் தலைநகரம் வகடூகு என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன். ஆனால் தூத்துக்குடிக் கடைத்தெருவில் கொண்டுபோய் விட்டால், வீடு வந்து சேர்வதற்குள் இரண்டு பேரிடம் வழி கேட்பேன். தலைநகரம் தெரிந்துவிட்டால் அந்த நாடே தெரிந்த மாதிரிதான் என்று நம்பிக்கொண்டிருந்தேன். அந்த நம்பிக்கையால் என் சித்தியின் கல்யாணமே நின்றுபோகப் பார்த்தது.

சிலர் வீட்டில் அப்போது ரேடியோ வைத்திருந்தார்கள். எங்கள் வீட்டில் நான் இருந்தேன். யார் வந்தாலும் மாமா என்னைக் கூப்பிட்டு நடுவில் நிறுத்தி, நாட்டின் பெயரைச் சொல்லுவார். நான் தலைநகரத்தைச் சொல்லுவேன். வந்தவர்கள் ஏழெட்டு நாட்டுக்கு மேல் தாங்க மாட்டார்கள். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்துவிடுவார்கள். என் அறிவைப் பார்த்து மிரண்டு ஓடுகிறார்கள் என்று நான் நினைத்துக்கொள்வேன்.

சித்தி அம்மாவின் தங்கை. எங்களோடுதான் இருந்தாள். முந்தின வருஷம் அவளுக்கு ஒரு வரன் வந்தது. மாப்பிள்ளை வெளிநாட்டுக் கப்பலில் வேலை என்றார்கள். சட்டைப் பையில் சீமைப் பேனாவும் கையில் தங்கநிறக் கடிகாரமும் இருந்தன. ஊர் முழுக்கச் சொல்லி முடித்த பிறகு விசாரித்தால், அவர் துறைமுகத்துக்கு வருகிற கப்பல்களுக்குக் காய்கறி ஏற்றிக் கொடுப்பவரிடம் வேலை பார்க்கிறார். கப்பலோடு அவருக்கிருந்த உறவு முட்டைக்கோஸ் மூட்டை ஏற்றுகிற வரைக்கும்தான். அதற்குப் பிறகு சித்தி ஞாயிற்றுக்கிழமைகளில் மாதா கோயிலுக்கு விடியற்காலை முதல் பூசைக்கே போய்விட்டு வந்துவிடுவாள். எட்டு மணிப் பூசைக்குப் போனால், "ஏளா, கப்பல்காரர் என்ன ஆனாரு?" என்று கேட்க வாசலிலேயே ஆள் இருந்தது.

ஆகவே ஆலந்தலையிலிருந்து இன்னொரு கப்பல்காரர் பெண் பார்க்க வருகிறார் என்றதும் மாமா உஷாரானார். இனி ஒரு தடவை ஏமாந்தால் சித்தி கல்யாணப் பேச்சுக்கே சம்மதிக்க மாட்டாள் என்று அம்மா அழுதாள்.

"இந்தத் தடவ விசாரிக்க எங்கயும் அலைய வேண்டாம். நம்ம பயல விட்டுக் கேப்போம். கப்பல்ல போனவன்னா டக்கு டக்குன்னு சொல்லிருவாம்லா" என்றார் மாமா. இந்த யோசனையின் புத்திசாலித்தனத்தை அந்த வீட்டில் முழுசாகப் புரிந்துகொண்டவன் நான் ஒருவன்தான். எனக்குக் கூலி முந்திரிப் பருப்பு போட்ட நாலு மக்ரூன் என்று முடிவானது.

மாப்பிள்ளை அவருடைய அம்மாவோடு வந்தார். கறுத்து, ஒடிசலாக, பேனா இல்லாத சட்டையோடு இருந்தார். நாற்காலியில் உட்காரச் சொன்னால், அது தன் பாரத்தைத் தாங்குமா என்று பார்க்கிறவர் போல நுனியில் உட்கார்ந்தார். அடுக்களை வாசலில் திரை தொங்கியது. திரைக்குக் கீழே சித்தியின் கால்விரல்கள் தெரிந்தன.

"எங்க வீட்டுப் பிள்ளைக்கு ஊரு நாடுன்னா கொஞ்சம் பைத்தியம். ரெண்டு கேள்வி கேக்கணுங்கான்" என்றார் மாமா, ஒன்றும் தெரியாதவர் மாதிரி.

இரண்டு என்றது மரியாதைக்கு. நான் பத்துக் கேள்வி எழுதி வைத்திருந்தேன், மதிப்பெண் போட இடமும் விட்டு.

"அர்ஜென்டினாவுக்குத் தலைநகரம் எது?"

"பியூனஸ் அயர்ஸ்."

"நைஜீரியா?"

"லாகோஸ்."

இரண்டும் சரி. லாகோஸ் அன்றைக்குத் தலைநகரம்தான், பின்னாளில் மாற்றிவிட்டார்கள். இன்றைக்குத் திருத்தினால் அவருக்கு ஒரு மதிப்பெண் குறையும். திரைக்குக் கீழே பெருவிரல் ஒருமுறை நிமிர்ந்து பார்த்தது. மாமா தொடையில் தாளம் போட்டார்.

"பிரேசில்?"

"சாண்டோஸ்."

நான் பென்சிலை நிறுத்தினேன். பிரேசிலியா என்று அந்த நாட்டின் பெயரிலேயே தலைநகரம் இருக்கிறது. ஒரு 'யா' சேர்த்தால் மதிப்பெண். இதைக்கூடச் சொல்லத் தெரியவில்லை!

ஆஸ்திரேலியாவுக்கு பிரிமேண்டில் என்றார். இத்தாலிக்கு ஜெனோவா. ஹாலந்துக்கு ராட்டர்டாம். ஜப்பானுக்கு கோபே. மொராக்கோவுக்குக் காசாபிளாங்கா. ஒவ்வொன்றையும் கொஞ்சமும் தயங்காமல், கண்ணால் கண்டவர் மாதிரி தப்பாகச் சொன்னார். கடைசியில் ஆளை விழுத்தாட்டுவதற்கென்றே வைத்திருந்த இரண்டை எடுத்தேன்.

"சுவிட்சர்லாந்து?"

"அங்கன போனதில்ல தம்பி."

"பொலிவியா?"

"அங்கனயும் போனதில்ல."

நான் கூட்டிப் பார்த்து, எழுந்து நின்று, பள்ளிக்கூடத்தில் வாத்தியார் வாசிக்கிற குரலில் அறிவித்தேன். "பத்துக்கு ரெண்டு."

மாப்பிள்ளையின் அம்மா காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு முந்தானையை இழுத்து மூடிக்கொண்டாள். மாமா தொண்டையைச் செருமி, "கப்பல்ல பத்து வருஷம்னு சொன்னீங்க…" என்று ஆரம்பித்தார். மாப்பிள்ளை என்ன குற்றம் செய்தோம் என்று தெரியாமல் என்னையும் மாமாவையும் மாறி மாறிப் பார்த்தார். திரைக்குக் கீழே இருந்த விரல்கள் உள்ளே போய்விட்டன.

அப்போது அப்பா சிரித்தார். அப்பாவுக்குத் துறைமுகத்தில் வேலை. வந்து போகிற கப்பல்களின் பெயரை எழுதி, எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்று பதிகிற வேலை. அதுவரை மூலையில் பேசாமல் உட்கார்ந்திருந்தவருக்குக் கண்ணில் தண்ணீர் வருகிற மாதிரி சிரிப்பு வந்தது.

"ஏலே, இவரு சொன்னது அம்புட்டும் துறைமுகம்லா! நான் தெனமும் எழுதுத பேரு. கடலு இல்லாத ரெண்டு நாட்டுக்குத்தான் போகலைங்காரு" என்றார் மாமாவிடம். "பொய் சொல்லுதவன்னா இவன மாதிரி புஸ்தகத்த உருப்போட்டுட்டு வந்து பத்துக்குப் பத்து வாங்கிருப்பான்."

மாப்பிள்ளைக்கு அப்போதுதான் விஷயம் விளங்கியது. "கப்பலு நிக்கிற எடத்தத்தான கேக்கான்னு நெனச்சேன். எங்களுக்கு அதுதான நாடு" என்றார், மன்னிப்புக் கேட்பது போல.

மாமா என்ன செய்வதென்று தெரியாமல் என்னை முறைத்தார். கொஞ்ச நேரத்தில் திரை விலகி, சித்தியே கையில் தட்டோடு வெளியே வந்தாள். தட்டு நிறைய மக்ரூன். அது இரண்டாவது தட்டு. எங்கள் வீட்டில் விருந்தாளிக்கு இரண்டாவது தட்டு வந்து நான் பார்த்ததே இல்லை. அது எனக்கென்று எடுத்து வைத்திருந்த நாலையும் சேர்த்து நிரப்பிய தட்டு என்பது பிறகுதான் தெரிந்தது.

கல்யாணம் நடந்தது. ஒரு மாதத்தில் அவர் கப்பலுக்குப் போய்விட்டார். சித்தி எங்களோடேயே இருந்தாள். இப்போது எட்டு மணிப் பூசைக்குப் போனாள். யார் என்ன கேட்டாலும் நின்று பதில் சொன்னாள்.

எனக்கு மட்டும் மனசு ஆறவில்லை. எப்படிப் பார்த்தாலும் பத்துக்கு இரண்டு பெயில்தானே? பெயிலானவருக்குப் பெண்ணைக் கொடுத்துவிட்டார்களே என்று, பெரியவர்களின் அறிவை நினைத்துக் கவலைப்பட்டேன்.

ஒருநாள் என் அட்லஸைத் திறந்தால் அதில் யாரோ பென்சிலால் வட்டம் போட்டிருந்தார்கள். கோபேயில் ஒன்று. பிரிமேண்டிலில் ஒன்று. ஜெனோவாவில் ஒன்று. சாண்டோஸில் மட்டும் வட்டத்தின் மேல் வட்டமாகச் சுற்றிச் சுற்றி, தாள் கிழிகிற நிலைக்கு வந்திருந்தது. ஜெனோவாவிலிருந்து வந்த கடிதத்தில் அடுத்தது சாண்டோஸ் என்று எழுதியிருந்தார். அதற்குப் பிறகு ஒன்றரை மாதமாகத் தபால்காரர் எங்கள் வாசலில் சைக்கிளை நிறுத்தவில்லை. அதெல்லாம் எனக்கும் தெரியும்தான். ஆனால் என் கண்ணில் பட்டது தப்பு ஒன்றுதான்.

சித்தியும் அவரைப் பார்த்தே கெட்டுப்போனாள் என்று முடிவு செய்தேன். ரப்பரை எடுத்து, சாண்டோஸ் வட்டத்தைக் கஷ்டப்பட்டு அழித்து, பிரேசிலியாவில் சிவப்புப் பென்சிலால் அழகாக ஒரு வட்டம் போட்டு, அடுக்களையில் மீன் ஆய்ந்துகொண்டிருந்த சித்தியிடம் கொண்டுபோய்க் காட்டினேன்.

"தப்பான எடத்துல போட்டிருந்தீங்க சித்தி. பிரேசிலுக்குத் தலைநகரம் இங்கன இருக்கு. நான் திருத்திட்டேன்."

அவள் கையைக் கழுவாமலே அட்லஸைத் தன் பக்கம் திருப்பி, அழித்த இடத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு என் சிவப்பு வட்டத்தைக் காட்டிச் சொன்னாள்:

"அங்கன எனக்கு யாருலே இருக்கா?"